ஒரு நாள், ஒரு நபர், மதிய உணவு உட்பட

காலை எட்டு. ஹுவே நகரத்து மழை
இன்னும் முடிவெடுக்கவில்லை.
விடுதி வாசலில் ஒற்றை ஆளாக நிற்கிறார்
போர்த்துகல்காரர் ஆர்லிந்தோ.
நகராட்சிக் குடிநீர்ப் பிரிவில் முப்பத்தோரு வருடம்,
இப்போது ஓய்வு.
கையில் குடை இல்லை.
ஒரு டார்ச் இருக்கிறது.

என் பெயர் வியென் என்கிறேன்.
தோவான் கார்க் கதவைத் திறந்து பிடிக்கிறான்.
பதின்மூன்று அரசர்கள், நூற்று நாற்பத்து மூன்று ஆண்டுகள்:
பாலம் கடப்பதற்குள் சொல்லி முடித்துவிடுவேன்.
அதற்கு என் வாய் போதும்,
நான் தேவையில்லை.

அரண்மனையின் தெற்கு வாயில்.
நடு வழி அரசருக்கு, அடுத்தவை அமைச்சருக்கு,
ஓரத்தில் இரண்டும் யானைக்கும் குதிரைக்கும் என்கிறேன்.
அவர் குனிந்து தரையைப் பார்க்கிறார்.
"தண்ணீருக்கு எந்த வழி?"

எழுநூறு தடவையாவது இங்கே நின்று பேசியிருப்பேன்.
எத்தனை ராணிகள் என்று விரல் மடக்கியிருக்கிறார்கள்,
யார் யாரைச் சுட்டார்கள் என்று குரல் தாழ்த்தியிருக்கிறார்கள்,
கழிப்பறை எங்கே என்று எல்லோரும் கேட்டிருக்கிறார்கள்,
அது அவர்களுக்காக.
சாக்கடையைப் பற்றி யாரும் கேட்டதில்லை.

தெரியாது என்றேன்.
வேலை நேரத்தில் அந்தச் சொல்லைச் சொல்லி
வருடங்கள் ஆகியிருந்தன.

இங்கேதான் அரசர் உறங்கினார் என்று
புல்வெளியைக் காட்டினேன்.
போர் தின்றது போக மிச்சம் அடித்தளக் கல்.
அவர் மண்டியிட்டு ஒரு கல் ஓட்டைக்குள்
டார்ச் அடித்தார்.
ஒரு தவளை, ஒரு பிஸ்கட் உறை.
இரண்டையும் குறித்துக்கொண்டார்.

மதியம் ஆறிய சோறும் பொடி மட்டியும்.
மிளகாய் அவரை அழவைத்தது,
நிறுத்தவில்லை, இன்னொரு கிண்ணம் கேட்டார்.
தோவானுக்கு அப்போதுதான் அவரைப் பிடித்தது.

இரண்டு மணிக்கு வந்தது மழை,
இந்த ஊர் மழை, கொட்டத் தொடங்கினால்
கிழமை பார்க்காது.
திரும்பவும் வாயிலுக்கு என்றார்.
கூரையடியில் நின்றோம்.
முற்றம் தட்டை என்றுதான் இத்தனை நாள் நினைத்திருந்தேன்.
தண்ணீருக்குத் தெரிந்திருக்கிறது.
தயங்காமல் சாய்ந்து, கல்வாயில் நுழைந்து,
குளத்துக்கு, குளத்திலிருந்து கால்வாய்க்கு,
அகழிக்கு, ஆற்றுக்கு.
அரசருக்கென்று வைத்த நடு வழியில்
ஒரு பாதாம் இலை மிதந்து போயிற்று.
யாரும் தடுக்கவில்லை.

கல்லறைகள் பாக்கி இருந்தன.
வெளி மதிலோரம் போகையில் நிறுத்தச் சொன்னார்.
செங்கல்லுக்கு மேலே, மண்ணுக்குள்ளிருந்து
முழம் நீளத்துக்கு நீல பிளாஸ்டிக் குழாய்.
"இது அரசர் காலத்தது இல்லையே" என்று சிரித்தார்.

இல்லை.
எங்கள் சமையலறையுடையது.

மதில் மேல் வீடுகள் இருந்தன, ஆயிரக்கணக்கில்.
சின்னத்தைக் காக்க வேண்டும் என்று எங்களை எடுத்தார்கள்.
புது இடம் நல்ல இடம், குறை சொல்ல மாட்டேன்,
குழாய் திறந்தால் தண்ணீர் வருகிறது, கதவு பூட்டுகிறது.
திரும்பி வரச் சொன்னால் வரவும் மாட்டேன்.
இதெல்லாம் சுற்றுலாவில் கிடையாது என்றேன்.

"யார் பதித்தது?"
நான்தான். பதினேழு வயதில்,
இரவல் ரம்பத்தை வைத்து.

மழையில் இறங்கிப் போனார்.
ஒரு கண்ணை மூடிக் குழாயின் வாட்டம் பார்த்தார்,
முட்டியால் தட்டினார்,
சட்டை உடம்போடு ஒட்ட, திரும்பி வந்து
"சரிவு சரியாக இருக்கிறது" என்றார்.

எத்தனையோ பேர் படிவத்தில்
ஐந்து நட்சத்திரம் போட்டிருக்கிறார்கள்.

தோவான் ஹாரன் அடித்தான்.
கல்லறையை ஐந்து மணிக்குச் சாத்திவிடுவார்கள்,
மரியாதைக்கு ஒரு அரசரையாவது பார்த்துவிடுங்கள் என்றேன்.
பார்க்கலாம், அங்கே மழைத் தண்ணீர் எங்கே போகும் என்றார்.

தெரியாது என்றேன்,
இந்தத் தடவை சுலபமாக வந்தது.